சுருள் தேடிய நகரங்கள்

சென்ற ஆண்டு கார்த்திகை மாதத்தில் மாணவர்கள் அறுவருடன் நேமத்தான்பட்டிக்குச் சென்றிருந்தோம். காரைக்குடி வட்டாரத்து நகரத்தார் ஊர்களுள் ஒன்று அது. (நகரத்தாரின் ஒன்பது கோயில்களுள் ஒன்றான நேமத்தோடு பெயரொற்றுமையால் இதனைக் குழப்பிக்கொள்வோர் உண்டு, இரண்டும் வேறு வேறு.) மாணவர்களிடம் கையடக்கக் கேமரா ஒன்று இருந்தது. பத்து நிமிட ஆவணப்படம் எடுப்பதாகத் திட்டம். படத்தின் முன்வரைவை வாங்கிப் பார்த்தபோது முதல் வரியிலேயே 'ஒரு கிராமத்தின் கதை' என்றிருந்தது. நம் கை தானாகச் சென்று 'கிராமம்' என்ற சொல்லை அடித்தது. அடித்த பிறகு, அவ்விடத்தில் எதை எழுதுவது என்று நமக்கே தெரியவில்லை.

வயல் சூழ்ந்த ஊர்தான். ஆனால் நூல் பிடித்தாற்போல் நேராக ஓடும் தெருக்கள். அவற்றைச் செங்கோணத்தில் வெட்டும் குறுக்குத் தெருக்கள். ஒரு தெருவில் முகப்பைத் தொடங்கி, வளவு, இரண்டாங்கட்டு, அடுப்படி என்று நீண்டு, அடுத்த தெருவில் பின்வாசலை முடிக்கும் வீடுகள். கூரையில் விழும் மழையை ஊரணிக்குக் கொண்டுசேர்க்கும் வடிகால்கள். பர்மாத் தேக்கும் இத்தாலியச் சலவைக்கல்லும் ஆத்தங்குடித் தரைக்கல்லும் ஒரே கூரையின் கீழ் கிடக்கும் ஊரை உழவர் குடியிருப்பு என்று சொல்ல வாய் வரவில்லை. சோழர் காலக் கல்வெட்டுகளில் வணிகர் அவைக்கு 'நகரம்' என்று பெயர். அதன் உறுப்பினர் நகரத்தார். அந்தப் பெயரை இன்றளவும் சுமந்துகொண்டிருக்கும் ஒரு சமூகத்தின் ஊர்களைத் தமிழ்த் திரைப்படம் தொடர்ந்து 'ஜமீன்தார் வீட்டு'க் கிராமமாகவே காட்டிவருவது வேடிக்கைதான். படப்பிடிப்புக்கு வாடகைக்கு விடப்படும் அந்த வளவுகளில் பண்ணையார் பஞ்சாயத்துப் பண்ணுகிறார். அங்கே ஒரு காலத்தில் ரங்கூன், பினாங்கு, சைகோன், கொழும்பு என்று நான்கு துறைமுகங்களின் வட்டி விகிதம் பேசப்பட்டது.

அன்று மாலை திரும்பும் வழியில் கோட்டையூரைக் கடக்கையில்தான் ஏ.கே. செட்டியார் நினைவுக்கு வந்தார்.

*

அ. கருப்பன் செட்டியார் 1911 நவம்பர் 4 அன்று கோட்டையூரில் பிறந்தவர். இலக்கிய வாசகர்களுக்கு அவர் 'உலகம் சுற்றும் தமிழன்'. அது அவர் எழுதிய நூலின் பெயர், பின்னாளில் அவருடைய பெயராகவே ஆயிற்று. பொதுமக்களுக்கு, தெரிந்த அளவில், காந்தியைப் பற்றிப் படமெடுத்தவர். இவ்விரு அடையாளங்களும் ஒன்றையொன்று மறைத்துவிட்டன என்பது நம் எண்ணம். பயணக் கட்டுரையாளரைப் படிப்போர் அவர் படத்தொகுப்பாளர் என்பதை மறந்துவிடுகிறார்கள். தேசபக்தரைப் போற்றுவோர் அவர் ஒரு தொழில்நுட்பக் கலைஞர் என்பதையே எண்ணிப் பார்ப்பதில்லை. தமிழில் முதல் சுயேச்சைப் படைப்பாளி யார் என்ற கேள்வி எழும்போதெல்லாம் எழுபதுகளுக்குத் தாவிவிடுகிறோம். அதற்கு முப்பதாண்டு முன்பே, ஸ்டூடியோவின் வாசலை மிதிக்காமல், முதலாளியின் சம்பளம் வாங்காமல், உலகத்தின் பெருநகரங்களையே தன் பணிமனையாகக் கொண்டு ஒருவர் முழுநீளப் படமொன்றை முடித்திருக்கிறார்.

ரங்கூனிலிருந்து வெளிவந்த 'தனவணிகன்' இதழின் ஆசிரியராக அவர் தம் இருபதுகளின் தொடக்கத்தில் இருந்தார். இந்த ரங்கூன் பருவத்தை நாம் விரைந்து கடந்துவிடக் கூடாது. 1930இல் அந்நகரில் இந்தியருக்கு எதிரான கலவரம் நிகழ்ந்தது. உலகப் பொருளாதார மந்தத்தில் நெல் விலை சரிந்தது. கடனைத் திருப்பிக் கட்ட முடியாத பர்மிய உழவர்களின் நிலங்கள் செட்டியார்களின் கைக்கு வந்தன; 1930இல் கீழ்பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் ஆறு விழுக்காட்டளவில் இருந்த அவர்களது நிலவுடைமை, 1938இல் ஏறத்தாழ 25 விழுக்காடு ஆயிற்று. கேட்டு வாங்கிய நிலமல்ல, வராத கடனுக்கு ஈடாக வந்த நிலம் என்று நம் பக்கத்தில் சமாதானம் சொல்வார்கள். நிலத்தை இழந்தவனுக்கு அந்த வேறுபாடு பெரிதாகத் தெரிந்திருக்காது. வணிகர் பத்திரிகையின் ஆசிரிய நாற்காலியிலிருந்து இதையெல்லாம் பார்த்த இளைஞர் ஒருவர், கடைக்கணக்கு எழுதப் போகாமல் ஒளிப்படக் கலை பயிலத் தோக்கியோவுக்குக் கப்பலேறினார். அங்கிருந்து பின்னர் நியூயார்க். அங்கும் ஒளிப்படப் பயிற்சி. ஆக, படமெடுக்கும் கலையைச் சென்னையிலோ பம்பாயிலோ கல்கத்தாவிலோ உள்ள படமனைகளில் எடுபிடியாக நின்று கற்கவில்லை அவர். இரண்டு அயல்நாட்டுப் பெருநகரங்களின் கல்விக்கூடங்களில் கட்டணம் கட்டிக் கற்றார்.

1937 அக்டோபர் 2. நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் செல்லும் 'சமாரியா' கப்பல். அன்று காந்தியின் பிறந்தநாள். காந்தியின் வாழ்க்கையைப் படமாக எடுக்க வேண்டும் என்ற எண்ணம் அந்தக் கப்பலில்தான் தோன்றியது என்று அவரே எழுதியிருக்கிறார். வயது இருபத்தாறு நிறையவில்லை. பர்மா இந்தியாவிலிருந்து தனியாகப் பிரிக்கப்பட்டதும் அதே ஆண்டு ஏப்ரலில்தான். செட்டிநாட்டின் பழைய வரைபடம் ஒரு பக்கம் கிழிந்துகொண்டிருந்தபோது, அதே கடல்வழிகளில் வேறொரு காரியத்துக்காக ஒருவர் பயணப்படத் தொடங்கினார் என்று சொல்லத் தோன்றுகிறது; இது நம் மனக்கணக்கு, அவர் அப்படிச் சொன்னதில்லை. அவர் தம்மைப் பற்றிச் சொல்வதில் மிகுந்த சிக்கனக்காரர்.

*

அன்றைய சூழலை நினைவூட்டுவது நல்லது. தமிழின் முதல் பேசும்படமான 'காளிதாஸ்' வெளிவந்தது 1931இல். 1937இல் தமிழ்ப்படம் என்றால் புராணம், பாட்டு, ஸ்டூடியோவில் எழுப்பிய அரண்மனை. தெரு என்பது திரைச்சீலையில் வரையப்பட்டது. உலகின் வேறு மூலைகளிலோ கேமரா அதற்கு முன்பே தெருவில் இறங்கிவிட்டிருந்தது. வால்டர் ருட்மன் 1927இல் பெர்லின் நகரின் ஒரு நாளைச் சிம்பனியைப்போல் அடுக்கினார். சீகா வெர்தோவ் 1929இல் கேமராவைத் தூக்கிக்கொண்டு சோவியத் நகரங்களில் அலைந்தார். இவர்களைவிட நமக்கு இங்கே முக்கியமானவர் எஸ்ஃபிர் ஷூப் என்ற பெண்மணி. ஜார் மன்னர் குடும்பத்தின் வீட்டுப் படங்களையும் பழைய செய்திப்படங்களையும் தேடிப் பிடித்து, வெட்டி ஒட்டி, 1927இல் ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சியைப் படமாக்கியவர். பிறர் எடுத்ததைக் கொண்டு தனதான ஒன்றைச் சொல்லும் தொகுப்புப்பட மரபு அங்கே தொடங்குகிறது. ஏ.கே. செட்டியார் ஷூப்பின் படத்தைப் பார்த்திருந்தார் என்று நாம் கூறவில்லை. ஆனால் அவர் செய்த வேலை அந்த இனத்தைச் சேர்ந்தது.

என்ன வேலை? காந்தி இந்தியாவின் உயிர் கிராமத்தில் இருக்கிறது என்றார். காந்தியின் உருவமோ பெருநகரங்களின் அலமாரிகளில் இருந்தது. 1931இல் வட்டமேசை மாநாட்டுக்குச் சென்றவர் லண்டனின் கிழக்குப் பகுதியில், உழைக்கும் மக்களிடையே கிங்ஸ்லி ஹாலில் தங்கினார். லங்காஷயர் ஆலைத் தொழிலாளரைச் சந்தித்தார். திரும்பும் வழியில் ரோமில் இறங்கினார். இவற்றையெல்லாம் செய்திப்பட நிறுவனங்கள் சுருள் சுருளாக எடுத்துத் தள்ளின. இரண்டு வாரம் திரையரங்குகளில் ஓடியபின் அச்சுருள்கள் எண்ணிடப்பட்ட தகரப் பெட்டிக்குள் அடங்கின. அவற்றைத் தேட வேண்டுமானால் வார்தாவுக்குப் போய்ப் பயனில்லை. லண்டனுக்கும் பாரிஸுக்கும் போக வேண்டும். அட்டவணை புரட்ட வேண்டும். அடிக்கணக்கில் விலை பேச வேண்டும். கோகலே தென்னாப்பிரிக்காவுக்கு 1912இல் வந்தபோது எடுக்கப்பட்ட காட்சிக்காகத் தென்னாப்பிரிக்காவுக்கே போக வேண்டும். செட்டியார் போனார்.

இப்படி அவர் சேர்த்த படம் ஏறத்தாழ 50,000 அடி. முப்பதாண்டுக் காலத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட ஒளிப்பதிவாளர்கள் எடுத்தவை. அவர் பயணம் செய்த தொலைவு ஒரு லட்சம் மைல். இந்த எண்கள் எல்லாக் கட்டுரையிலும் திரும்பத் திரும்ப வரும். ஆனால் யாரும் அவற்றை நேரமாக மாற்றிப் பார்ப்பதில்லை. முப்பத்தைந்து மில்லிமீட்டர் பேசும்படச் சுருள் நிமிடத்துக்குத் தொண்ணூறு அடி ஓடும். 50,000 அடியென்றால் ஒன்பதேகால் மணிநேரம். முடிவாகத் திரைக்கு வந்தது 12,000 அடி, அதாவது இரண்டேகால் மணிநேரத்துக்குச் சற்றுக் குறைவு. கடல் கடந்து, காசு கொடுத்துக் கொண்டுவந்ததில் முக்கால் பங்கை அவர் கத்தரித்து ஒதுக்கியிருக்கிறார். பக்தி மட்டும் இருந்தவர் ஒரு அடியைக்கூட வெட்டியிருக்க மாட்டார். வெட்டும் துணிவு படைப்பாளிக்கு உரியது.

இன்னொரு தொழில் நுணுக்கமும் உண்டு. பேசாப்பட காலத்துக் கேமராக்கள் கையால் சுழற்றப்பட்டவை; நொடிக்குப் பதினாறு சட்டம் என்பதே அவற்றின் உத்தேச வேகம், அதுவும் சுழற்றுபவரின் கையைப் பொறுத்தது. பேசும்படம் நொடிக்கு இருபத்துநான்கு சட்டம். பழைய சுருளை அப்படியே புதிய எந்திரத்தில் ஓட்டினால் மனிதர்கள் துள்ளித் துள்ளி ஓடுவார்கள். காந்தி வேகமாக நடப்பவர் என்பது உண்மையே. ஆயினும் நம் தலைமுறை மனத்தில் பதிந்துள்ள அந்த அவசரமான காந்தியில் ஒரு பங்கு எந்திரங்களின் பொருத்தமின்மையால் வந்தது. நூறு கைகள் நூறு வேகத்தில் சுழற்றிய சுருள்களை ஒரே படமாக இணைப்பது எத்தகைய தலைவலி என்பதை ஒரு பத்து நிமிடப் படத்தைத் தொகுக்க முயன்று தோற்ற நம் மாணவர்களைக் கேட்டால் சொல்வார்கள்.

இதற்கெல்லாம் பணம்? 'டாக்குமெண்டரி பிலிம்ஸ்' என்ற பெயரில் நிறுவனம் அமைத்துப் படத்தை அவர் எடுத்தார். அரசு உதவி என்ற பேச்சுக்கே இடமில்லை; எடுப்பது அரசை எதிர்ப்பவரைப் பற்றிய படம். 'டாக்குமெண்டரி' என்ற சொல்லே ஆங்கிலத் திரை விமர்சனத்தில் 1926இல்தான் ஜான் கிரியர்சனால் புழக்கத்துக்கு வந்திருந்தது. இந்திய அரசின் பிலிம்ஸ் டிவிஷன் தோன்றியது 1948இல். கேரளத்தில் ஜான் ஆபிரகாமும் ஒடேசா குழுவினரும் ஊர் ஊராகப் பணம் திரட்டி 1986இல் 'அம்ம அறியான்' எடுத்ததை நாம் வியந்து பேசுகிறோம், வியப்புக்குரியதே. கோட்டையூர்க்காரரின் முயற்சி அதற்கு நாற்பத்தாறு ஆண்டு முந்தியது. அக்கணக்கைத் தமிழ்த் திரையாய்வு இன்னும் சரியாகப் போடவில்லை.

'மகாத்மா காந்தி' 1940 ஆகஸ்ட் 23 அன்று தமிழ் விளக்கவுரையுடன் வெளியாயிற்று. தெலுங்கிலும் வந்தது. உலகப்போர் தொடங்கி ஓராண்டு. அரசின் கை எந்நேரமும் நீளக்கூடும் என்ற நிலையில் படம் விரைவிலேயே சுற்றிலிருந்து விலக வேண்டியதாயிற்று. விடுதலை வேளையில் இந்தி விளக்கவுரையோடு தில்லியில் காட்டப்பட்டது. பின்னர் அமெரிக்காவில் மறுதொகுப்புச் செய்யப்பட்டு, 'இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி' என்னும் பொருள்படும் தலைப்புடன் 1953இல் ஆங்கிலத்தில் வந்தது.

*

அவர் ஒரு நகரத்தை எப்படிப் பார்ப்பார் என்பதை அறிய நமக்கு எஞ்சியிருப்பது எழுத்துத்தான். 'அமெரிக்க நாட்டிலே', 'மலேயா முதல் கனடா வரை', 'கரிபியன் கடலும் கயானாவும்' ஆகியவற்றைப் படித்தவர்களுக்கு அந்த நடை தெரியும். சிறு சிறு வாக்கியங்கள். வருணனை அருகியே இருக்கும். கட்டடத்தின் உயரத்தைக் கண்டு வாய் பிளப்பதில்லை. அங்கே வேலை செய்பவரின் பேச்சுக்குக் காது கொடுக்கிறார். 'நான்' என்ற சொல் தவிர்க்க முடியாத இடத்தில் மட்டுமே எட்டிப் பார்க்கிறது. நகைச்சுவை உண்டு, ஆனால் சிரித்துக்கொண்டே சொல்வதில்லை. ஒரு காட்சி, உடனே வெட்டு, அடுத்த காட்சி. இதைப் பத்திரிகை நடை என்று சொல்லிவிடலாம். நமக்கென்னவோ படத்தொகுப்பு மேசையில் பழகிய கையின் நடை என்றே படுகிறது.

அவருடைய மற்றொரு பெரும்பணியைப் பார்த்தபின் அந்த எண்ணம் உறுதிப்பட்டது. 1943 தொடங்கித் தம் இறுதிவரை, நாற்பதாண்டுக் காலம், 'குமரி மலர்' இதழை அவர் நடத்தினார். பழைய இதழ்களிலும் நூல்களிலும் புதைந்து கிடந்த கட்டுரைகளைத் தேடியெடுத்து மறுபதிப்பிடுவது அவ்விதழின் முதன்மையான இயல்பு. 1968இல் 'தமிழ்நாடு' என்ற பெரும் பயணக் கட்டுரைத் தொகுதியை வெளியிட்டார். தமிழகத்து ஊர்களைப் பற்றிப் பலர் பல காலத்தில் எழுதியவை. அதைப் புரட்டுங்கள். எழுதியவர்கள் பலர், ஊர்கள் பல. அடுக்கிய கை ஒன்று. பிறர் கண்ட நகரங்களைத் தொகுத்துத் தன் நகரத்தைக் காட்டும் அதே முறை. காந்தி படத்தை எடுத்தவர் இருபத்தெட்டாண்டு கழித்து, சுருளுக்குப் பதில் காகிதத்தில், அதையே மறுபடி செய்திருக்கிறார். தமிழ்ப் பேராசிரியர்கள் இத்தொகுதியை வரலாற்றுத் தரவு நூலாக மட்டுமே கையாள்கிறோம். நம்மையும் சேர்த்துத்தான் சொல்கிறோம். நம் வகுப்பிலும் பல ஆண்டுகள் அப்படியே நடத்தினோம்.

அவருடைய படத்துக்கு நகரம்தான் பொருளா என்று நண்பரொருவர் மறுத்தார். இல்லைதான். அவருடைய பொருள் காந்தி. ஆயினும் படம் எடுக்கப்பட்ட விதம், அது கிடந்த இடங்கள், தேடியவர் தங்கிய விடுதிகள், கப்பல் துறைகள், செய்திப்பட நிறுவனங்களின் கிடங்குகள் எல்லாம் இருபதாம் நூற்றாண்டின் பெருநகர வாழ்க்கையைச் சேர்ந்தவை. அப்படத்தை எடுத்த கதையை அவர் குமரி மலரில் எழுதினார், ஆ. இரா. வேங்கடாசலபதி அதனைப் பதிப்பித்து 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற பெயரில் 2003இல் நூலாக வெளிக்கொணர்ந்தார். நகரங்களில் ஒரு தமிழர் தனியாக அலைந்து, கதவைத் தட்டி, மறுக்கப்பட்டு, மறுபடி தட்டிய கதையாகவும் அந்நூலைப் படிக்க முடியும். நாம் அப்படித்தான் படித்தோம்.

*

இனிச் சொல்ல வேண்டியது வருத்தமான பகுதி. 1940இல் வெளிவந்த தமிழ்ப்படம் நம்மிடம் இல்லை. தெலுங்கும் இல்லை. வேங்கடாசலபதி பல்லாண்டு தேடியபின் கிடைத்தது அமெரிக்காவில், சான்பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகமொன்றில் இருந்த ஆங்கில வடிவம்; அதுவும் சுருக்கப்பட்டது. லண்டன் அலமாரிகளிலிருந்து சென்னைக்கு வந்த பிம்பங்கள், தமிழ்க் குரலை உதறிவிட்டு, மறுபடி ஓர் அயல்நகரத்து அலமாரிக்கே போய்ச்சேர்ந்தன.

அக்காலத்துச் சுருள் நைட்ரேட் வகையைச் சேர்ந்தது. எளிதில் தீப்பற்றும், பற்றாவிட்டாலும் வெப்பத்திலும் ஈரத்திலும் பிசுபிசுத்துப் பொடியாகிவிடும். வெள்ளிக்காகச் சுருளைக் கழுவி விற்றதும் உண்டு. 'காளிதாஸ்' நம்மிடம் இல்லை. தேசியத் திரைப்படக் காப்பகம் 1964இல்தான் ஏற்பட்டது. 2003 சனவரியில் புணேயில் நேர்ந்த தீ விபத்தில் அங்கே சேமித்திருந்த நைட்ரேட் சுருள்களும் பெருமளவில் அழிந்தன.

கோட்டையூர் இன்னொருவரையும் தந்தது. ரோஜா முத்தையா. கடைப்பலகை எழுதிப் பிழைத்தவர். வாழ்நாளெல்லாம் நூல்கள், இதழ்கள், நாடக நோட்டீசுகள், பாட்டுப் புத்தகங்கள், திருமண அழைப்பிதழ்கள் என்று அச்சில் வந்த எதையும் விடாமல் சேர்த்தார். 1992இல் அவர் மறைந்தபின் சிகாகோ பல்கலைக்கழகத்தின் முயற்சியால் அச்சேகரம் காக்கப்பட்டு, 1994இல் சென்னையில் ஆய்வு நூலகமாயிற்று. ஒரே ஊரில் இரண்டு சேகரிப்பாளர்கள். காகிதம் சேர்த்தவரின் உழைப்பு நிலைத்தது. சுருள் சேர்த்தவரின் உழைப்பில் பாதி போயிற்று. காகிதத்துக்குக் கரையான் மட்டுமே பகை.

இதே வட்டாரத்தில், காரைக்குடி தேவகோட்டை ரஸ்தாவில், ஏ.வி. மெய்யப்பன் கொட்டகை போட்டு 'நாம் இருவர்' எடுத்ததையும், 1947 தொடக்கத்தில் வெளியான அப்படம் ஓடிய ஓட்டத்தையும், பின்னர் அவர் சென்னைக்குப் பெயர்ந்ததையும் எல்லோரும் அறிவர். காரைக்குடியில் சினிமா என்றால் அந்தக் கதைதான் சொல்லப்படுகிறது. நன்றாகச் சொல்லப்பட வேண்டிய கதைதான். வணிகம் தெரிந்தவரின் கதை. ஏ.கே. செட்டியார் 1983 செப்டம்பரில் மறைந்தார். 'ஏன் அடுத்த படம் எடுக்கவில்லை' என்று மாணவி ஒருத்தி கேட்டாள். ஒரு லட்சம் மைல் போய்வந்த படம் பெட்டிக்குள் முடங்கியதைக் கண்டவர், அச்சிட்டால் மறுநாளே வாசகர் கைக்குப் போய்ச்சேரும் காகிதத்துக்குத் திரும்பியிருக்கலாம் என்றோம். ஊகம்தான்.

நேமத்தான்பட்டியில் அன்று நாங்கள் படமெடுத்துக்கொண்டிருந்த வீட்டில் எழுபது வயதுக்கு மேற்பட்ட ஆச்சி ஒருவர் மட்டும் இருந்தார். பிள்ளைகள் சென்னையிலும் சிங்கப்பூரிலும். முகப்பின் மரவேலைப்பாட்டில் கேமராவை வைத்து மாணவர்கள் நெடுநேரம் மெனக்கெட்டதைப் பார்த்துக்கொண்டே இருந்தவர், "வர்றவக அம்புட்டுப் பேரும் முகப்ப மட்டும்தான் புடிச்சுட்டுப் போறாக தம்பி, உள்ள வாங்க" என்றார். இரண்டாங்கட்டைத் தாண்டி இருட்டறை ஒன்றில் தகரப் பெட்டி ஒன்றைத் திறந்து காட்டினார். படச்சுருளாக இருக்குமோ என்று ஒரு கணம் நமக்கு மூச்சு நின்றது. ரங்கூன் கடைப் பேரேடுகள். இடையில் தெருக்காட்சி அச்சிட்ட அஞ்சலட்டை ஒன்று, டிராம் வண்டி, விளக்குக் கம்பம், குடை பிடித்து நடக்கும் இருவர். பின்புறத்தில் முகவரி மட்டும் இருந்தது, செய்தி எழுதப்படவில்லை. "இத என்ன செய்யச் சொல்றீக?" என்று ஆச்சி கேட்டார். மாணவி கேமராவை அணைத்துவிட்டு, எங்கள் நூலகத்தில் ஈரம் புகாத அலமாரி இருக்கிறதா என்று நம்மைக் கேட்டாள்.